குரோசாவாவுக்கு ஒரு வாத்தியார் இருந்தார்

நம் குடியிருப்பில் ‘ஷோலே’ பார்க்காதவர்களை விரல் விட்டு எண்ணிவிடலாம். கொள்ளையர்களால் தவிக்கும் ஒரு கிராமம், அதைக் காக்கக் கூலிக்கு வரும் வீரர்கள் என்ற அந்தக் கதையின் வேர் 1954-இல் ஜப்பானில் வெளிவந்த ‘ஏழு சாமுராய்கள்’ படத்தில் இருக்கிறது. அதே 1954-இல் நம் ஊரில் வந்த ‘அந்த நாள்’ உங்களில் மூத்தவர்களுக்கு நினைவிருக்கும். பாட்டே இல்லாமல், ஒரு கொலையை ஒவ்வொருவரும் ஒவ்வொரு விதமாகச் சொல்லும் படம். வீணை எஸ். பாலசந்தர் அதை ‘ராஷோமோன்’ என்ற ஜப்பானியப் படத்தின் தாக்கத்தில்தான் எடுத்தார். ‘விருமாண்டி’ வந்தபோது பத்திரிகைகளில் அடிபட்டதும் அதே பெயர்தான்.

இரண்டு படங்களையும் எடுத்தவர் ஒருவரே. அகிரா குரோசாவா. 1910-இல் பிறந்து 1998-இல் மறைந்தவர். அவருடைய படங்களைப் பற்றி எங்கு வேண்டுமானாலும் படித்துக்கொள்ளலாம். இந்த இதழில் உங்களுக்குச் சொல்ல நினைத்தது வேறு. இயக்குநர் நாற்காலியில் உட்காருவதற்கு முன் அவர் ஏழு வருடம் உதவி இயக்குநராக இருந்தார். அந்த ஏழு வருடத்தில் அவருக்கு வாய்த்த வாத்தியாரைப் பற்றியும் சேர்த்துச் சொல்லாமல் அவர் கதையைச் சொல்ல முடியாது என்று எனக்குத் தோன்றுகிறது.

டோக்கியோவில், எட்டுப் பிள்ளைகள் கொண்ட வீட்டில் கடைக்குட்டி அகிரா. அப்பா சாமுராய்ப் பரம்பரை, ராணுவத்தோடு தொடர்புடைய உடற்பயிற்சிப் பள்ளியில் வேலை, கண்டிப்பானவர். ஆனால் ஒரு விஷயத்தில் அந்தக் காலத்து அப்பாக்களிலிருந்து மாறுபட்டவர். சினிமா பார்ப்பது கெட்ட பழக்கம் என்று பலரும் நினைத்த நாட்களில், மேல்நாட்டுப் படம் பார்ப்பதும் படிப்புதான் என்று குடும்பத்தோடு அழைத்துப் போவார்.

அகிராவுக்கு மேல் நான்கு வயது மூத்த அண்ணன் ஹெய்கோ. 1923 செப்டம்பரில் டோக்கியோவைப் பெரிய நிலநடுக்கம் தாக்கியது. அதைத் தொடர்ந்து பற்றிய நெருப்பு நகரத்தையே தின்றது. ஒரு லட்சம் பேருக்கு மேல் இறந்தார்கள். தீ அடங்கிய பிறகு ஹெய்கோ, பதின்மூன்று வயதுத் தம்பியின் கையைப் பிடித்து அந்தச் சாம்பல் காட்டுக்குள் கூட்டிப் போனார். எங்கும் பிணங்கள். சிறுவன் முகத்தைத் திருப்பிக்கொண்டபோது, திருப்பாதே, நன்றாகப் பார் என்று அதட்டினார். அன்று இரவு கெட்ட கனவு வரும் என்று பயந்துகொண்டே படுத்த அகிரா, ஆச்சரியமாக, அயர்ந்து தூங்கிவிட்டார். கண்ணை மூடிக்கொண்டால்தான் பயம், நேராகப் பார்த்துவிட்டால் பயப்பட ஒன்றுமில்லை என்று அண்ணன் விளக்கம் சொன்னாராம். பதின்மூன்று வயதுப் பையனுக்கு இப்படி ஒரு பாடம் தேவையா என்று நீங்கள் கேட்கலாம். எனக்கும் அந்தக் கேள்வி உண்டு. ஆனால் பின்னாளில் அவர் எடுத்த படங்களில் கேமரா எதிலிருந்தும் முகத்தைத் திருப்பிக்கொள்வதில்லை.

ஹெய்கோ பிறகு ‘பென்ஷி’ ஆனார். ஊமைப்பட நாட்களில் திரைக்குப் பக்கத்தில் நின்று கதையை விளக்கி, எல்லாப் பாத்திரங்களுக்கும் குரல் கொடுப்பவர்கள் பென்ஷிகள். நம் ஊர்க் கொட்டகைகளிலும் ஊமைப்படக் காலத்தில் இப்படிக் கதை சொல்பவர்கள் இருந்தார்கள். ஆனால் ஜப்பானில் அவர்கள் நட்சத்திரங்கள். போஸ்டரில் நடிகர் பெயருக்கு இணையாக அவர்கள் பெயரும் இருக்கும். ஹெய்கோவும் பெயர் வாங்கினார். எந்தப் படத்தைப் பார்க்க வேண்டும் என்று தம்பிக்கு வழிகாட்டியதும் அவர்தான். பிறகு பேசும் படம் வந்தது. பென்ஷிகளுக்கு வேலை போனது. வேலைநிறுத்தத்துக்குத் தலைமை தாங்கியவர்களில் ஹெய்கோவும் ஒருவர். அது தோற்றது. 1933-இல் அவர் தன் உயிரை மாய்த்துக்கொண்டார். நான்கே மாதத்தில் குடும்பத்தின் மூத்த அண்ணனும் நோயில் போனார். இருபத்து மூன்று வயதில் அகிரா அந்த வீட்டில் மிஞ்சிய ஒரே ஆண் பிள்ளை.

அதுவரை அவர் ஓவியர். பதினெட்டு வயதிலேயே ஒரு பெரிய கண்காட்சியில் அவர் படம் இடம்பெற்றது. ஆனால் ஓவியம் சோறு போடவில்லை. வண்ணம் வாங்கவே காசில்லை. வீட்டுக்கு இப்போது ஒரு சம்பளம் வேண்டும். 1935-இல் பி.சி.எல். என்ற ஸ்டூடியோ பத்திரிகையில் விளம்பரம் கொடுத்தது: உதவி இயக்குநர்கள் தேவை. (இந்த ஸ்டூடியோதான் பின்னால் ‘டோஹோ’ ஆனது.) விண்ணப்பத்தோடு ஒரு கட்டுரை எழுதி அனுப்ப வேண்டும். தலைப்பு, ஜப்பானிய சினிமாவின் அடிப்படைக் குறைகளும் அவற்றைத் தீர்க்கும் வழியும். குறை அடிப்படையிலேயே இருந்தால் அதை எப்படித் தீர்ப்பது என்று பாதிக் கிண்டலாக எழுதி அனுப்பினார். ஐந்நூறு பேருக்கு மேல் விண்ணப்பித்திருந்த அந்தக் குவியலில் இருந்து அவருக்கு அழைப்பு வந்தது.

நேர்காணலில் ஒரு அதிகாரி குடும்ப விவகாரங்களைத் துருவித் துருவிக் கேட்க, இது நேர்காணலா போலீஸ் விசாரணையா என்று குரோசாவா திருப்பிக் கேட்டுவிட்டார். வேலை போனது என்று நினைத்தபடி வீட்டுக்குப் போயிருக்கிறார். ஆனால் எதிரே உட்கார்ந்திருந்த குழுவில் இன்னொருவர் இருந்தார். அவர் கேட்டதெல்லாம் ஓவியம் பற்றி, இசை பற்றி. இந்தப் பையனை எடுத்தே ஆக வேண்டும் என்று நிர்வாகத்திடம் அடம் பிடித்தவரும் அவர்தான். அவர் பெயர் கஜிரோ யமமோட்டோ. ஸ்டூடியோவின் முன்னணி இயக்குநர். நகைச்சுவைப் படங்களில் கை தேர்ந்தவர். எல்லோரும் அவரை ‘யமா-சான்’ என்றே கூப்பிடுவார்கள்.

1936 தொடக்கத்தில் குரோசாவா வேலையில் சேர்ந்தார். முதல் படத்திலேயே வெறுத்துப்போனார். வேறொரு இயக்குநரின் படம் அது. வேலையை விட்டுவிடலாம் என்று கிளம்பியவரை, எல்லா இயக்குநரும் இப்படி இல்லை, இன்னொரு படம் பார்த்துவிட்டுப் போ என்று சக உதவியாளர்கள் பிடித்து நிறுத்தினார்கள். அடுத்த படம் யமா-சானுடையது. மலைப்பாதையில் மூச்சு வாங்க ஏறி உச்சிக்கு வந்ததும் முகத்தில் காற்று படுமே, அப்படி இருந்தது அந்த மனிதரோடு வேலை செய்தது என்று பிற்காலத்தில் தன் நினைவுகளில் எழுதினார்.

கொஞ்சம் நிதானமாக இந்தப் பள்ளிக்கூடத்தைப் பாருங்கள். உதவி இயக்குநர் என்றால் நமக்குத் தெரிந்த சித்திரம் என்ன? கிளாப் அடிப்பது, டீ சொல்வது, கோடம்பாக்கம் மேன்ஷன் அறையில் வருடக் கணக்கில் காத்திருப்பது. அங்கே நடந்தது வேறு. அரங்கம் அமைப்பது, படப்பிடிப்புக்கு இடம் தேடுவது, லைட்டிங், ஒத்திகை, டப்பிங், ஃபிலிம் கழுவும் இடம், எடிட்டிங் மேஜை என எல்லா வேலையிலும் கை வைத்தே ஆக வேண்டும். உதவியாளர் என்பவர் இயக்குநரின் வேலைக்காரர் அல்ல, நாளைய இயக்குநர் என்ற எண்ணம் அந்த ஸ்டூடியோவில் இருந்தது. யமா-சானிடம் அது இன்னும் அதிகம். ஒரே வருடத்தில் குரோசாவாவை மூன்றாம் உதவியாளரிலிருந்து நேராக முதன்மை உதவி இயக்குநராக உயர்த்தினார்.

இயக்குநர் ஆக வேண்டுமா, முதலில் திரைக்கதை எழுது என்பது யமா-சானின் கட்டளை. உதவியாளருக்குத் தூங்கவே நேரமில்லை, எங்கே எழுதுவது? குரோசாவா படுக்கையில் விழுந்த பிறகு எழுதினார். பின்னால் தன்னிடம் வந்த இளைஞர்களுக்கும் அவர் சொன்ன கணக்கு இதுதான்: ஒரு நாளைக்கு ஒரு பக்கம் எழுதினால் வருடத்துக்கு 365 பக்கம். உதவி இயக்குநர் சம்பளம் கைக்கும் வாய்க்குமே போதாத நாட்களில் எழுதி விற்ற திரைக்கதைகள்தான் கைச்செலவுக்கு ஆயின. அதில் பெரும்பகுதி மதுக்கடைக்குப் போனது என்பதையும் அவரே மறைக்காமல் சொல்லியிருக்கிறார்.

இன்னொன்று எடிட்டிங். எழுதுவது முதல் பாதி என்றால் வெட்டி ஒட்டுவது மறு பாதி. யமா-சான் தன் படங்களையே குரோசாவாவிடம் கொடுத்து வெட்டச் சொல்வார். ஒரு இயக்குநர் தான் எடுத்த படத்தை வேறொருவர் கையில் கொடுப்பது எவ்வளவு பெரிய விஷயம் என்று யோசித்துப் பாருங்கள். நாம் சமையலறையில் தாளிப்புக் கரண்டியைக்கூடப் பிள்ளைகளிடம் கொடுக்க மாட்டோம்.

யமா-சான் கோபப்படவே மாட்டார். ஒருமுறை இரண்டு நடிகர்கள் சேர்ந்து வர வேண்டிய காட்சி. உதவியாளர்கள் அதில் ஒருவருக்குச் சொல்லியனுப்ப மறந்துவிட்டார்கள். இயக்குநர் கேமராவோடு தயார், நடிகர் இல்லை. குரோசாவாவுக்கு உள்ளே உதறல். யமா-சான் கொஞ்சம் யோசித்தார். வந்திருந்த நடிகரைக் கூப்பிட்டு, நடந்து போகிறபோது திரும்பிப் பார்த்து, சீக்கிரம் வா, இல்லாவிட்டால் உன்னை விட்டுவிட்டுப் போய்விடுவேன் என்று பின்னால் வராத ஆளை நோக்கிக் கத்திவிட்டுப் போகச் சொன்னார். காட்சி முடிந்தது. படம் முடிந்த பிறகு ஒரு நாள் மெதுவாகக் கேட்டார், அந்த ஆள் இன்னும் பின்னால் வந்துகொண்டே இருக்கிறானோ, என்ன ஆனான் என்று. அவ்வளவுதான் கண்டிப்பு. சிரித்துக்கொண்டே உதவியாளர்கள் தலைகுனிந்தார்கள். அதற்குப் பிறகு யாரையும் அழைக்க அவர்கள் மறந்திருக்க மாட்டார்கள் என்று நினைக்கிறேன்.

ஆனால் என்னை உட்காரவைத்த சம்பவம் இன்னொன்று. இரண்டாம் குழுவாகப் போய்ச் சில காட்சிகளை எடுத்து வரும் வேலையை யமா-சான் உதவியாளர்களிடம் விடுவார். கற்றுக்குட்டிகள் எடுத்தது எப்படி இருக்கும்? சுமாராகத்தான் இருக்கும். அதைத் தூக்கிப்போட்டுவிட்டு மறுபடி எடுக்கலாம். அவர் அப்படிச் செய்ய மாட்டார். அந்தக் காட்சியையே படத்தில் வைத்துவிடுவார். படம் ஓடும் கொட்டகைக்குச் சிஷ்யனை அழைத்துப் போய், மக்களோடு உட்கார்ந்து பார்க்கவைத்து, இந்த இடத்தை இப்படி எடுத்திருக்கலாமோ என்று காதோடு சொல்வார். தன் படம் கெட்டாலும் பரவாயில்லை, பையன் கற்றுக்கொள்ளட்டும் என்று நினைத்த ஒரு மனிதர். இயக்குநர் வரிசையில் யமமோட்டோவின் பெயர் இன்று உலகத்துக்கு அவ்வளவாகத் தெரியாததற்கு இதுவும் ஒரு காரணமோ என்று குரோசாவாவே பின்னாளில் வருத்தத்தோடு யோசித்திருக்கிறார்.

இதன் உச்சம் 1941-இல் வந்த ‘குதிரை’. ஜப்பானின் வடக்கில், ஒரு குதிரைக்குட்டியை வளர்க்கும் ஏழைப் பெண்ணின் கதை. நான்கு பருவங்களையும் காட்ட வேண்டும் என்பதால் படப்பிடிப்பு மாதக் கணக்கில் இழுத்தது. யமா-சானுக்கு டோக்கியோவில் நகைச்சுவைப் படங்கள் காத்திருந்தன. பொறுப்பைக் குரோசாவாவிடம் விட்டுவிட்டுப் போய்விட்டார். பெயர்தான் யமமோட்டோவுடையது, படத்தின் பெரும்பகுதி உதவியாளர் எடுத்தது.

அந்த நாட்களில் கூட இருந்த இன்னொரு உதவியாளரையும் உங்களுக்கு அறிமுகப்படுத்தி வைக்கிறேன், கடைசியில் அவர் மறுபடி வருவார். இஷிரோ ஹோண்டா. ஸ்டூடியோவில் குரோசாவாவுக்கும் முன்பே, 1933-இல், சேர்ந்தவர். அரங்க வேலை தாமதமானால் தானே தூரிகையை எடுத்துத் தூண்களில் மரத்தின் ரேகைகளை வரைய ஆரம்பித்துவிடுவார். அதற்காகவே அவருக்கு மரரேகைப் பிரபு என்று ஒரு பட்டப்பெயர். திறமையில் குறைவில்லை. ஆனால் ராணுவம் அவரை மீண்டும் மீண்டும் சீனப் போர்முனைக்கு அழைத்துக்கொண்டே இருந்தது. குரோசாவாவுக்கு அந்த அழைப்பு வரவே இல்லை. ஒருவர் ஸ்டூடியோவில் வளர்ந்த வருடங்களை இன்னொருவர் போர்முனையில் தொலைத்தார்.

குரோசாவா இப்போது தயார். ஆனால் போர்க்காலத் தணிக்கை அவர் எழுதிய திரைக்கதைகளை ஒன்றன்பின் ஒன்றாக முடக்கியது. ஒரு நாள் செய்தித்தாளில் ஒரு நாவல் வரப்போகிறது என்ற விளம்பரம் கண்ணில் பட்டது. ஜூடோ வீரனைப் பற்றிய ‘சுகாடா சான்ஷிரோ’. புத்தகம் வெளிவரும் முன்பே உரிமையை வாங்கச் சொல்லித் தயாரிப்பாளரை நச்சரித்தார். கடைக்கு வந்த அன்றே வாங்கி, ஒரே மூச்சில் படித்து, அன்று இரவே அவர் வீட்டுக் கதவைத் தட்டினார். சில நாள் தாமதித்திருந்தால் மற்ற ஸ்டூடியோக்கள் கொத்திக்கொண்டு போயிருக்கும்.

1943 மார்ச்சில் முதல் படம் வந்தது. வரும் முன் தணிக்கை அதிகாரிகள் முன்னால் கைதிபோல் உட்கார வேண்டியிருந்தது. ஒரு காதல் காட்சி அமெரிக்க, பிரிட்டிஷ் பாணியில் இருக்கிறதாம். பொறுமை இழந்து எழுந்துவிடும் நிலையில் இருந்தார். அந்தக் குழுவில் இயக்குநர்களின் சார்பில் யசுஜிரோ ஓசு இருந்தார். ‘டோக்கியோ ஸ்டோரி’ எடுத்த அதே ஓசு. அவர் எழுந்து படத்தை வாயாரப் பாராட்டினார். அதிகாரிகள் வாயடைத்துப் போனார்கள்.

அதன் பிறகு வந்த படங்களை வேகமாகக் கடந்துவிடுகிறேன். ஒன்றிரண்டு இடங்களில் மட்டும் நிற்கலாம்.

1946-இல் டோஹோ புதுமுக நடிகர் தேர்வு நடத்தியது. ஒரு இளைஞன் கோபத்தைக் காட்டச் சொன்னதற்குக் கூண்டில் அடைபட்ட மிருகம்போல் அறை முழுக்கச் சீறினான். முடித்ததும் யாரையும் மதிக்காமல் நாற்காலியில் போய் விழுந்தான். குழுவில் பலருக்கு அவனைப் பிடிக்கவில்லை. வேறு படப்பிடிப்பில் இருந்த குரோசாவா ஓடி வந்து அவனுக்காக வாதாடினார். குழுவின் தலைவராக இருந்து கடைசியில் அவனை உள்ளே எடுக்கப் பொறுப்பேற்றவர் யார் தெரியுமா? யமா-சான்தான். அந்த இளைஞன் தோஷிரோ மிஃபுனே. பின்னர் குரோசாவாவின் பதினாறு படங்களில் நடித்தவர்.

1950-இல் ‘ராஷோமோன்’. படப்பிடிப்பு தொடங்கும் முன் ஸ்டூடியோ கொடுத்த மூன்று உதவி இயக்குநர்கள் குரோசாவா தங்கியிருந்த விடுதிக்கு வந்தார்கள். கதை புரியவில்லை, விளக்குங்கள் என்றார்கள். மனிதர்கள் தங்களைப் பற்றித் தங்களிடமே உண்மை பேச முடியாதவர்கள், பூச்சுப் பூசாமல் அவர்களால் தங்களைக் காட்டிக்கொள்ள இயலாது, இதுதான் கதை என்று பொறுமையாகச் சொன்னார். இருவர் ஏற்றுக்கொண்டார்கள். மூன்றாமவர், அதுவும் முதன்மை உதவியாளர், கடைசிவரை திருப்தியடையாமல் விலகிப் போனார். ‘அந்த நாள்’ பார்த்தவர்களுக்கு இந்த விளக்கம் சட்டென்று பிடிபடும். வானத்தின் வெளிறிய பின்னணியில் மழை தெரியவில்லை என்று தண்ணீரில் மை கலந்து பீய்ச்சியது இந்தப் படத்தில்தான்.

இதன் பிறகு நடந்ததுதான் வேடிக்கை. அடுத்து அவர் எடுத்த ‘முட்டாள்’ படம், தஸ்தயேவ்ஸ்கியின் நாவல், நாலரை மணி நேரம் ஓடியது. தயாரிப்பு நிறுவனம் அதை இரண்டே முக்கால் மணி நேரமாக வெட்டித் தள்ளியது. விமர்சகர்கள் கிழித்தார்கள். கையில் இருந்த அடுத்த படமும் போனது. மனம் நொந்து ஆற்றுக்கு மீன் பிடிக்கப் போனார். தூண்டில் நூல் அறுந்தது. இதுவுமா என்று தொங்கிய முகத்தோடு வீடு திரும்பினால், வாசலிலேயே மனைவி வாழ்த்துச் சொல்கிறார். எதற்கு என்று கேட்டால், வெனிஸ் விழாவில் ‘ராஷோமோன்’ தங்கச் சிங்கம் வாங்கியிருக்கிறதாம். படம் போட்டிக்கு அனுப்பப்பட்டதே அவருக்குத் தெரியாது. ஜப்பானியச் சினிமாவை உலகம் திரும்பிப் பார்த்தது அந்த 1951-இல்தான்.

அடுத்த வருடம் ‘இகிரு’. புற்றுநோயில் சாகப்போகும் ஒரு அரசு அலுவலகப் பிரிவுத் தலைவர், கடைசி மாதங்களில் குழந்தைகளுக்கு ஒரு பூங்கா கட்டிக் கொடுக்க மேஜை மேஜையாக அலையும் கதை. நம் சங்கத்தின் சார்பில் ஏதாவது ஒரு மனுவோடு மாநகராட்சி அலுவலகப் படி ஏறியவர்கள் இந்தப் படத்தை அவசியம் பாருங்கள். ஒவ்வொரு ஜன்னலும் அடுத்த ஜன்னலைக் காட்டும் அந்தத் தொடக்கக் காட்சியில் உங்களை அறியாமல் தலையாட்டுவீர்கள்.

‘ஏழு சாமுராய்கள்’ எடுக்க ஏறக்குறைய ஒரு வருடம் ஆனது. பணம் தீர்ந்து டோஹோ படப்பிடிப்பை நிறுத்தும்போதெல்லாம் குரோசாவா சண்டை போடவில்லை, மீன் பிடிக்கப் போனார். இவ்வளவு கொட்டிய பிறகு பாதியில் விட மாட்டார்கள் என்பது அவர் கணக்கு. கணக்குத் தப்பவில்லை. அதே வருடம், அதே டோஹோவில் இன்னொரு படமும் வந்தது. நம் வீட்டுப் பிள்ளைகளுக்கு அது நன்றாகத் தெரியும்: ‘காட்ஸில்லா’. இயக்கியவர் ஹோண்டா. போர்முனையிலிருந்து திரும்பி, நாற்பது வயதில்தான் முதல் கதைப்படம் எடுக்க முடிந்த அதே மரரேகைப் பிரபு.

உச்சியில் இருந்த குரோசாவா யமா-சானைப் போல் இல்லை என்பதையும் சொல்லிவிட வேண்டும். கத்துவார். மேகம் சரியில்லை என்று நாள் முழுக்கக் காத்திருப்பார், எல்லோரையும் காக்கவைப்பார். பத்திரிகைகள் அவருக்கு வைத்த பெயர் சக்கரவர்த்தி. அது முழுக்கப் பாராட்டு அல்ல. 1965-இல் ‘செந்தாடி’ படத்துக்காக மிஃபுனேயை ஏறக்குறைய இரண்டு வருடம் தாடியோடு கட்டிப்போட்டார். வேறு படத்தில் நடிக்க வழியில்லை. அதன் பிறகு இருவரும் சேர்ந்து ஒரு படமும் செய்யவில்லை. வாத்தியாரின் பொறுமை சிஷ்யனுக்கு அப்படியே வந்துவிடுவதில்லை. ஆனால் அந்தப் படம் எதைப் பற்றியது பாருங்கள்: திமிர் பிடித்த ஒரு இளம் மருத்துவனுக்குத் தொழிலைக் கற்றுத் தரும் முரட்டு வாத்தியாரைப் பற்றியது.

பிறகு சரிவு. ஹாலிவுட்டுக்காக ‘டோரா! டோரா! டோரா!’ எடுக்கப் போய், 1968-இல் படப்பிடிப்பு தொடங்கிய சில வாரங்களிலேயே நீக்கப்பட்டார். உடல்நிலை சரியில்லை என்று வெளியே சொல்லப்பட்டது. 1970-இல் எடுத்த ‘டோடெஸ்காடென்’ கையைக் கடித்தது. அவரை நம்பிப் பணம் போட ஜப்பானில் ஆளில்லை. 1971 டிசம்பரில் அவர் தன் உயிரை மாய்த்துக்கொள்ள முயன்றார். அண்ணன் போன வழியில் தம்பியும் போயிருக்க வேண்டியது. பிழைத்தார்.

எழுந்து நிற்க உதவியது சோவியத் நாடு. அங்கிருந்து வந்த அழைப்பில் ‘டெர்சு உசாலா’வை எடுக்கச் சைபீரியாவுக்குக் கிளம்பும் நேரம், யமா-சான் படுத்த படுக்கையாக இருந்தார். பார்க்கப் போனார் குரோசாவா. உடம்பு மெலிந்து போயிருந்த வாத்தியார் கேட்டது ஒரே விஷயம்: ரஷ்ய உதவி இயக்குநர் எப்படி? நல்ல மனிதர், நான் சொல்வதை எல்லாம் செய்கிறார் என்றார் இவர். யமா-சான் சிரித்தார். சொல்வதை எல்லாம் செய்யும் உதவி இயக்குநர் தேற மாட்டானே என்றார். 1974 செப்டம்பரில் அவர் காலமானார். ‘டெர்சு உசாலா’ அடுத்த வருடம் வெளிவந்து, சிறந்த அயல்மொழிப் படத்துக்கான ஆஸ்கரை வாங்கியது.

ஊர் திரும்பிய பிறகும் பணம் வரவில்லை. ‘காகெமுஷா’வுக்கு முதலீடு கிடைக்காமல் காத்திருந்த நாட்களில், எடுக்க முடியாமலே போய்விடுமோ என்று ஒவ்வொரு காட்சியையும் வண்ணத்தில் வரைந்து வைத்தார். இளமையில் கைவிட்ட ஓவியம் எழுபது வயதை நெருங்கும்போது திரும்பி வந்தது. கடைசியில் அமெரிக்காவிலிருந்து அவருடைய ரசிகர்களான ஜார்ஜ் லூகாஸும் ஃபிரான்சிஸ் ஃபோர்டு கொப்போலாவும் அங்குள்ள ஸ்டூடியோவிடம் பேசிப் பணத்துக்கு வழி செய்தார்கள். 1980-இல் கான் விழாவின் தங்கப் பனை விருதை அந்தப் படம் இன்னொரு படத்தோடு பகிர்ந்துகொண்டது.

அந்தப் படப்பிடிப்பில் குரோசாவாவுக்குப் பக்கத்தில் நின்றவரைக் கவனியுங்கள். ஹோண்டா. ‘காட்ஸில்லா’வால் உலகப் புகழ் பெற்றவர், ஸ்டூடியோவில் குரோசாவாவுக்கு மூத்தவர். எழுபதை நெருங்கும் வயதில், பழைய நண்பனுக்கு உதவி இயக்குநராக வந்து நின்றார். படத்தில் பெயர் எந்தத் தகுதியில் வருகிறது என்ற கவலை அவருக்கு இல்லை. அதன் பிறகு குரோசாவா எடுத்த எல்லாப் படங்களிலும் அவர் கூட இருந்தார். ஃபூஜி மலைச் சரிவில் ஒரு கோட்டையையே கட்டி எரித்த ‘ரான்’ (1985), தன் கனவுகளையே படமாக்கிய ‘கனவுகள்’ (1990), எல்லாவற்றிலும். ‘ரான்’ நடந்துகொண்டிருந்தபோது குரோசாவாவின் மனைவி இறந்தார். ஒரே ஒரு நாள் படப்பிடிப்பை நிறுத்தினார், மறுநாள் வேலைக்கு வந்தார். இதைப் பெருமையாகச் சொல்வதா வேண்டாமா என்று எனக்கு இன்னும் முடிவாகவில்லை.

கடைசிப் படம் 1993-இல் வந்த ‘மதாதயோ’. ஓய்வு பெற்ற ஒரு ஆசிரியர். பழைய மாணவர்கள் ஒவ்வொரு பிறந்த நாளுக்கும் கூடுகிறார்கள். போகத் தயாரா என்று அவர்கள் கேட்க, இன்னும் இல்லை என்று கிழவர் கோப்பையை உயர்த்துகிறார். அவ்வளவுதான் கதை. சண்டை இல்லை, குதிரை இல்லை, மழைகூடக் கொஞ்சம்தான். பலருக்கு அந்தப் படம் சப்பென்று இருந்தது. குரோசாவா யாரை நினைத்து எடுத்தார் என்று தெரிந்தால் உங்களுக்கு அப்படி இருக்காது என்பது என் எண்ணம். படம் வெளியாவதற்குச் சில வாரங்களுக்கு முன், அந்தப் பிப்ரவரியில், ஹோண்டா இறந்தார்.

அடுத்த படத்துக்கான திரைக்கதையைக் குரோசாவா எழுதிக்கொண்டிருந்தார். வேலைக்கு நடுவே ஒரு விடுதியில் கீழே விழுந்து முதுகெலும்பு முறிந்தது. அதன் பிறகு சக்கர நாற்காலிதான். 1998 செப்டம்பர் 6 அன்று, 88 வயதில், டோக்கியோ வீட்டில் காலமானார். அந்தத் திரைக்கதை மழையில் ஒரு சத்திரத்தில் மாட்டிக்கொண்ட வேலையற்ற சாமுராயைப் பற்றியது. ‘மழைக்குப் பின்’ என்று 1999-இல் அது படமாக வந்தது. எடுத்தவர் தகாஷி கொய்சுமி. அவருக்கு அது முதல் படம். அதற்கு முன் இருபத்தெட்டு வருடம் அவர் குரோசாவாவின் உதவி இயக்குநர்.